மரத்தது என்று ஒரு கட்டம்

"நீதானேடா கேட்டே? 'வலி இருக்கா'ன்னு நீதானே கேட்டே? 'மரத்த மாதிரி இருக்குடா'ன்னு நான் வாயைத் திறந்து சொன்னேனா இல்லையா?"

"சொன்னேக்கா."

"அப்புறம் எந்தக் கையால 'வலி இல்லை'ன்னு டிக் போட்டே?"

"கத்தாதேக்கா, எல்லாரும் பாக்கறாங்க. படிவத்துல மூணு கட்டம்தான் இருக்கு. கூடியது, குறைந்தது, இல்லை. மரத்த இடத்துல வலி இருக்குமா? இருக்காதுல்ல? அப்ப 'இல்லை'தானே?"

"உன் தலை!"

ஞாயிற்றுக்கிழமை காலை பத்து மணி, இரண்டாம் மாடிப் படிக்கட்டு. எங்கள் குடியிருப்பில் யார் வீட்டுச் சண்டையையும் ஒட்டுக்கேட்க வேண்டிய அவசியமில்லை. கட்டியவர் சுவரில் அவ்வளவு சிக்கனம் பார்த்திருந்தார். இருந்தாலும் நான் கதவைத் திறந்து குப்பைக்கூடையை எடுத்து வெளியே வைத்தேன். கூடை காலியாகத்தான் இருந்தது.

கத்திக்கொண்டிருந்தவள் தையலக்கா. கீழ்த்தளத்தில் ஒற்றை அறை, ஒரு மெஷின், வாசலில் ஒரு பலகை. நாற்பத்தாறு வயது, தனிக்கட்டை. இந்தத் தெருவில் அவள் கைபடாத சட்டைக் காலர் கிடையாது. திட்டு வாங்கிக்கொண்டிருந்தவர் அவளுடைய தம்பி, என் எதிர்வீட்டுக்காரர். பேருந்து நிறுத்தத்துக்கு அந்தப்புறம் இருக்கும் மருந்தாராய்ச்சி நிலையத்தில் பதிவு எழுத்தர். ஆராய்ச்சிக்கு வருகிறவர்களிடம் கேள்வி கேட்டுப் படிவத்தில் டிக் போடுவது அவர் வேலை. பதினாறு வருடமாக டிக் போட்டுப் போட்டு, மனுஷன் காய்கறிக் கடையில்கூட "வேணும், வேண்டாம், பிறகு" என்று மூன்றாகத்தான் பதில் சொல்வார். அதனால் அவருக்கு எங்களிடம் 'கட்டம்' என்று பெயர்.

சண்டை அடுத்த சுற்றுக்குத் தயாராகும்போது கட்டத்தின் மனைவி உள்ளேயிருந்து வந்தாள். வந்தவள் அப்படியே நின்றாள்.

"அண்ணி... உங்க விரல்ல என்னது?"

தையலக்கா இடது கையைத் தூக்கிப் பார்த்தாள். ஆள்காட்டி விரலில் ஊசி ஒருபக்கம் நுழைந்து மறுபக்கம் வந்திருந்தது. ஊசியில் நூல், நூலின் முனையில் ஒரு சட்டை பட்டன். எப்போது ஏறியதோ, அவளுக்குத் தெரியவில்லை. அந்தக் கையை நீட்டி நீட்டித்தான் கால் மணி நேரமாகத் திட்டிக்கொண்டிருந்தாள்.

"அட" என்றாள். அவ்வளவுதான். மேலே கத்தக்கூட இல்லை.

நடந்தது இதுதான். நிலையத்தில் முட்டிவலிக்கு ஒரு புது மாத்திரையைச் சோதித்துக்கொண்டிருந்தார்கள். அறுபத்து மூன்று பேர். அக்காவுக்கு மெஷின் மிதித்து மிதித்து முட்டி போயிருந்ததால், "நல்ல மாத்திரைக்கா, நம்ம இடம்தான்" என்று கட்டமே கையெழுத்து வாங்கிச் சேர்த்துவிட்டிருந்தார். முட்டிவலி போனது உண்மை. கூடவே இடது கை விரல்களும் போய்விட்டன. ஏழு வாரமாகிறது. இப்போது வலது கையிலும் நுனியில் ஆரம்பித்திருந்தது.

அன்றைக்கே நரம்பு டாக்டரிடம் போனார்கள். அவர் ஒரு பஞ்சுத் துண்டை வைத்துத் தடவிப் பார்த்துவிட்டுச் சொன்னாராம். "மரப்பு ஆரம்பிச்ச மூணு மாசத்துக்குள்ள சரியான மாத்து மருந்து போனா உணர்ச்சி திரும்பிடும். அதுக்கப்புறம் போனா நான் பொறுப்பில்ல. ஆனா உள்ள என்ன போயிருக்குன்னு தெரியாம மாத்து மருந்து குடுத்தா கையே போயிடும். மாத்திரை பேர் என்ன?"

மாத்திரைக்குப் பேர் இல்லை. பாட்டிலில் எண் மட்டும்தான். எந்த எண்ணில் என்ன மருந்து, எவ்வளவு என்பது முத்திரை வைத்த உறைகளில், நிலையத்தின் அறநெறிக் குழுவின் இரும்பு அலமாரிக்குள். பக்கவிளைவு ஒன்று பதிவானால்தான் உறையைத் திறப்பார்கள். பக்கவிளைவு ஒன்றுமே பதிவாகவில்லை. ஏனென்றால் அதற்குக் கட்டம் இல்லை.

ஏழு வாரம் போய்விட்டது. கையில் ஐந்து வாரமும் சில நாளும்.

திங்கட்கிழமை காலை கட்டம் வேலைக்குப் போனதும் பழைய படிவங்களை எடுத்து எண்ணினார். பக்கத்துக் குறிப்பில் 'மரத்தல்', 'உணர்ச்சி இல்லை', 'பூ மாதிரி இருக்கு' என்று அவரே பென்சிலால் கிறுக்கி, அவரே பேனாவால் 'வலி இல்லை' என்று டிக் போட்டிருந்தவை நாற்பத்தொன்று. அந்த நாற்பத்தொன்றையும் வைத்துத்தான் நிலையத்தின் வாசலில் 'வரலாறு காணாத வெற்றி' என்று துணியில் எழுதிக் கட்டியிருந்தார்கள். துணியைத் தைத்துக் கொடுத்தது தையலக்கா.

பட்டியலை எடுத்துக்கொண்டு அறநெறிக் குழு அலுவலகத்துக்குப் போனார். நிலையத்திலேயே அழகான அறை அதுதான். வெளிப்படைத்தன்மைக்காக நான்கு பக்கமும் கண்ணாடி. வெயில் அடிக்கிறதென்று நான்கு பக்கமும் திரை. வாசலில் 'அச்சமின்றிப் பேசுங்கள்' என்று ஒரு பலகை, அதன் கீழே 'முன் அனுமதி பெற்று' என்று இன்னொரு சின்னப் பலகை.

உள்ளே குழுவின் செயலாளர் அம்மா. மூக்குக்கண்ணாடிக்கு மேலாகப் பார்த்து ஒன்பதாம் எண் படிவத்தை நீட்டினார்.

"புகார் யார் மேல?"

"பெரிய டாக்டர் மேல. இந்த ஆராய்ச்சியோட தலைவர். மூணு கட்டம் போதும்னு சொன்னது அவர்தான்."

"அப்ப கடைசிப் பக்கத்துல அவரோட ஒப்புதல் கையெழுத்து வேணும்."

"என் புகாருக்கு அவரா கையெழுத்துப் போடணும்?"

"ஒருத்தரைப் பத்தி அவர் சம்மதம் இல்லாம தகவல் சேகரிக்கறது அறமில்லைங்க. இது அறநெறிக் குழு. வேற எங்கயாவதுன்னா பரவால்ல."

பெரிய டாக்டர் ஊரில் இல்லை. ஒரு கருத்தரங்கில் 'நோயாளியின் குரல்' என்ற தலைப்பில் பேசப் போயிருந்தார். எட்டு நாள் கழித்து வந்தார். கட்டம் படிவத்தை நீட்ட, அவர் முழுசாகப் படித்துவிட்டு, பேனா மூடியைக் கழற்றி, பளிச்சென்று கையெழுத்துப் போட்டுக் கொடுத்தார். கட்டத்தின் மனைவி இதை என்னிடம் மூன்று தரம் சொன்னாள். மூன்று தரமும் நம்ப முடியாமல்தான் சொன்னாள்.

"அறத்துக்கு நான் குறுக்க நின்னதே கிடையாது தம்பி. ஆனா ஒண்ணு நல்லா புரிஞ்சுக்குங்க. வலி குறையுமான்னு கேட்டோம். குறைஞ்சிருக்கு. விரல் என்ன ஆகும்னு நாம கேக்கவே இல்லையே! கேக்காத கேள்விக்கு வந்த பதிலை எடுத்துக்கறது விஞ்ஞானமா? நீங்களே சொல்லுங்க."

கட்டம் தலையாட்டிவிட்டு வந்தாராம். ஏன் தலையாட்டினீர்கள் என்று மனைவி கேட்டதற்கு, "பழக்கம்" என்றார்.

மூன்றாம் வாரம் குழுவிடமிருந்து கடிதம் வந்தது. புகார் பரிசீலிக்கப்பட்டதாம். நாற்பத்தொரு பேருடைய விவரங்களை எண்ணித் தொகுத்துப் பட்டியலிட்டது 'ஆராய்ச்சி' என்ற வரையறைக்குள் வருவதாகவும், குழுவின் முன் அனுமதி இல்லாமல் ஆராய்ச்சி செய்தது வருத்தத்துக்குரியது என்றும், ஆகவே புகார்தாரர் ஆறு நாள் அறநெறிப் பயிற்சியை முடித்துவிட்டு வந்தால் புகார் விசாரிக்கப்படும் என்றும் எழுதியிருந்தது. கீழே, 'தங்கள் நேர்மையைப் பாராட்டுகிறோம்' என்று ரப்பர் முத்திரை.

ஆறு நாளும் போனார். பரீட்சையில் வந்த கேள்வி ஒன்றை எனக்குக் காட்டினார்: 'உங்கள் மேலதிகாரி தவறு செய்வதைப் பார்க்கிறீர்கள். முதலில் என்ன செய்வீர்கள்?' சரியான விடை, 'பார்ப்பதற்கு எனக்கு அனுமதி இருந்ததா என்று சரிபார்ப்பேன்.' கட்டத்துக்கு நூற்றுக்குத் தொண்ணூற்றிரண்டு. முன்கூடத்துப் பலகையில் 'இம்மாத அறச்செம்மல்' என்று அவர் புகைப்படம் ஏறியது. அதற்குப் பக்கத்துப் பலகையில், அனுமதியின்றி ஆராய்ச்சி செய்தவர்கள் பட்டியலில் அவர் பெயர் ஏறியது. இரண்டையும் ஒட்டியவர் ஒருவர்தான். பசை மிச்சம் பிடிக்க ஒரே நாளில் ஒட்டியிருந்தார்.

இதற்குள் தையலக்கா மெஷினுக்கு உறை போட்டு மூடிவிட்டாள். வருகிறவர்களிடம், "மோட்டார் ரிப்பேர்" என்றாள். சோறு வடிக்கும்போது ஆவியில் கையை வைத்துக்கொண்டு நின்றுவிடுகிறாள் என்று கட்டத்தின் மனைவி அவளை மேலே தங்கள் வீட்டுக்கே அழைத்துக்கொண்டாள். அக்கா சண்டை போடுவதையும் நிறுத்திவிட்டாள். எனக்கு அதுதான் கஷ்டமாக இருந்தது. குப்பைக்கூடையை எத்தனை தரம் வெளியே வைத்தாலும் எதிர்வீட்டில் தட்டு வைக்கும் சத்தம் மட்டும்தான்.

நாலாம் வாரம் விசாரணை. அக்கா சாட்சி. அவளுக்குக் கைப்பை மூட, குடை மடக்க ஒரு ஆள் வேண்டுமே என்று நான் கூடப் போனேன். போக வேண்டும் என்று எனக்கே ஒரு அரிப்பு என்பதையும் மறைக்கவில்லை. வாசலில் எனக்கும் ஒரு படிவம். 'உள்ளே கேட்பதைக் கேட்கவில்லை என உறுதியளிக்கிறேன்.' கையெழுத்துப் போட்டுக் கொடுத்தேன்.

நீள மேசை. நடுவில் குழுத் தலைவர். எதிலிருந்தோ ஓய்வுபெற்றவர், எதிலிருந்து என்று யாருக்கும் நினைவில்லை. ஒரு பக்கம் வக்கீல், ஒரு பக்கம் தத்துவப் பேராசிரியர். ஓரத்தில் 'பொதுமக்கள் பிரதிநிதி', அவர் தலைவரின் மைத்துனர். பெரிய டாக்டரும் குழுவில் ஒரு உறுப்பினர்தான். தன் மேலுள்ள புகாரைத் தானே விசாரிப்பது முறையாகாது என்று தன் நாற்காலியை அரையடி பின்னால் இழுத்துப் போட்டுக்கொண்டார். குழு அதைக் கைதட்டி வரவேற்றது.

"அம்மா, முதல்ல நீங்க சாட்சி சொல்ல சம்மதம்னு கையெழுத்துப் போடுங்க" என்றார் வக்கீல்.

அக்கா பேனாவை எடுத்தாள். பேனா விழுந்தது. எடுத்துக் கொடுத்தேன். மறுபடி விழுந்தது.

"சம்மதத்துல தயக்கம் தெரியுது" என்று குறித்துக்கொண்டார் தத்துவப் பேராசிரியர்.

"தயக்கமெல்லாம் இல்லைங்க. பேனா கையில இருக்கா இல்லையான்னு தெரியல. அதைச் சொல்லத்தானே வந்திருக்கேன்."

"சம்மதம் இல்லாம நீங்க எதையும் சொல்ல முடியாதும்மா. உங்க பாதுகாப்புக்குத்தான்."

அப்போது டீ வந்தது. கொதிக்கக் கொதிக்கக் கண்ணாடி டம்ளரில். எல்லோரும் மேசைமேல் வைத்து ஆறவிட்டார்கள். அக்கா மட்டும் டம்ளரை இடது உள்ளங்கையால் முழுசாகப் பற்றி எடுத்தாள். நான் தொட்டுப் பிடுங்கப் போய், சூடு தாங்காமல் கையை உதறினேன். அவள் அப்படியே பிடித்தபடி தலைவரைப் பார்த்துக்கொண்டிருந்தாள். விரல்கள் சிவந்துகொண்டே வந்தன.

பெரிய டாக்டர் நாற்காலியை அரையடி முன்னால் இழுத்தார்.

"பாத்தீங்களா?" என்றார். அவர் குரல் தழுதழுத்தது, பெருமையில். "வலி இல்லைங்கறதுக்கு இதைவிட என்ன சாட்சி வேணும்?"

மைத்துனர் கைதட்டப் போய், தலைவரைப் பார்த்து நிறுத்திக்கொண்டார். கட்டம் எழுந்து போய் அக்கா கையிலிருந்து டம்ளரை வாங்கித் தன் கைக்குட்டையை ஈரப்படுத்திச் சுற்றினார்.

தலைவர் கடைசியாகப் பேசினார். கேட்கவில்லை என்று எழுதிக் கொடுத்திருந்தாலும் வார்த்தைக்கு வார்த்தை நினைவிருக்கிறது. "இந்தக் குழு ஆரம்பிச்சு பதினோரு வருஷம். ஒரு அறமீறல்கூட பதிவானதில்ல. சும்மா வந்துடுமா இந்தப் பெருமை? ஒவ்வொரு படிவத்தையும் நாங்க அவ்வளவு கவனமா வடிவமைச்சிருக்கோம்! இந்த அம்மாவோட பிரச்சினையும் எங்க மனசைத் தொட்டுடுச்சு. நாலாவதா ஒரு கட்டம் தேவையான்னு ஆராய ஒரு துணைக்குழு போடறோம். அது அடுத்த காலாண்டுல கூடும்."

"அடுத்த காலாண்டா? டாக்டர் சொன்ன கெடு இன்னும் ஒன்பது நாள்தான் சார் இருக்கு" என்றார் கட்டம்.

"அதனாலதான் இப்பவே போடறோம்."

கட்டம் இரண்டு நாள் வேலை முடிந்து வந்ததும் கதவைச் சாத்திக்கொண்டார். மூன்றாம் நாள் மாலை சாப்பாட்டு மேசையில் பயிற்சிக் கையேட்டை விரித்து வைத்துக்கொண்டு உட்கார்ந்திருந்தார். நான் சர்க்கரை கடன் வாங்கப் போயிருந்தேன். எங்கள் வீட்டில் சர்க்கரை இருந்தது.

"இதை யாராவது முழுசா படிச்சிருப்பாங்கன்னு நினைக்கறீங்க?" என்று என்னைக் கேட்டார்.

"பரீட்சைக்கே யாரும் படிச்சிருக்க மாட்டாங்க."

"நாப்பத்தாறாம் பக்கம். விதி முப்பத்தொண்ணு. எந்த அறமீறலாவது பதிவாச்சுன்னா ஆய்வை அந்த நிமிஷமே நிறுத்தி எல்லா உறையையும் திறக்கணும். யார் செஞ்ச மீறல்னு சொல்லல. எதுன்னும் சொல்லல."

"அவங்கதான் எதையும் பதிய மாட்டேங்கறாங்களே?"

"பெரிய டாக்டர் செஞ்சதைப் பதிய மாட்டாங்க" என்றார். "நான் செஞ்சா பதிவாங்க."

அவர் மனைவி அடுப்பைக் குறைத்துவிட்டு வந்து நின்றாள். "வேலை போயிடும்ங்க."

"ஆமா."

அவள் உள்ளே போய் எனக்குச் சர்க்கரையை அளந்து கொடுத்தாள்.

மறுநாள் கட்டம் அலுவலக நேரத்தில், அலுவலக மேசையில், அலுவலக அளவுகோலை வைத்து, அறுபத்து மூன்று அசல் படிவங்களிலும் 'இல்லை'க்குப் பக்கத்தில் நாலாவதாக ஒரு கட்டம் வரைந்தார். 'மரத்தது' என்று எழுதினார். நாற்பத்தொன்றில் டிக் போட்டார். பதினாறு வருட அனுபவம், ஒரு கோடுகூடக் கோணவில்லையாம். பிறகு ஒன்பதாம் எண் படிவத்தை எடுத்துத் தன் மேலேயே புகார் எழுதினார். கடைசிப் பக்கத்தில் குற்றம் சாட்டப்பட்டவரின் ஒப்புதல் கையெழுத்தையும் தானே போட்டார். அந்த அலுவலகத்துக்கு ஒரே நாளில் முழுசாக நிரப்பப்பட்டு வந்த முதல் புகார் அதுதான்.

குழுவின் வேகத்தைக் குறை சொல்லக்கூடாது. மறுநாளே அவசரக் கூட்டம். அசல் ஆவணத்தில் கை வைப்பதா! வக்கீல் மேசையைத் தட்டினார். தத்துவப் பேராசிரியருக்கு மூச்சு வாங்கியது. பெரிய டாக்டர், "கட்டம்ங்கறது ஒரு நம்பிக்கை" என்று சொல்லிக் கண்ணைத் துடைத்துக்கொண்டார். பதினோரு நிமிடத்தில் ஒருமனதாக அறமீறல் பதிவானது. பதிவேட்டின் முதல் பக்கம், முதல் வரி.

செயலாளர் அம்மா பதிவேட்டை மூடவில்லை. எச்சிலைத் தொட்டுக் கையேட்டைப் புரட்டினார்.

"சார், விதி முப்பத்தொண்ணுப்படி உறையெல்லாம் இப்பவே திறக்கணும்."

"எந்த விதி?" என்றார் தலைவர்.

படித்துக் காட்டினார்.

"இதை எவன் எழுதினான்?"

"நீங்கதான் சார். முன்னுரையும் உங்களோடதுதான்."

"சரி, பதிவை ரத்து பண்ணுங்க."

"பதிவை ரத்து பண்றதுக்குப் படிவம் கிடையாது சார்" என்றார் அந்த அம்மா. இத்தனை வருடத்தில் அவர் சிரித்து யாரும் பார்த்ததில்லை. அன்றைக்கும் சிரிக்கவில்லை என்றுதான் கட்டம் சொல்கிறார்.

இவ்வளவு சரியாக நடந்ததற்கு அப்புறம், அலமாரிச் சாவி இரண்டு என்று தெரிந்தது. ஒன்று தலைவரிடம், ஒன்று மைத்துனரிடம். மைத்துனர் அந்த அவசரக் கூட்டம் முடிந்த கையோடு குடும்பத்துடன் மலைப்பிரதேசத்துக்குக் கிளம்பியிருந்தார். பதினோரு நாள். அலமாரியை உடைக்கலாம்தான். உடைப்பது அறமா என்பதில் குழு இரண்டாகப் பிரிந்தது. மைத்துனர் வந்து சாவியைப் போட்டபோது இடது கைக்கு டாக்டர் சொன்ன கெடு தாண்டி ஆறு நாள் ஆகியிருந்தது.

மருந்தின் பெயர் கிடைத்த அன்றே டாக்டர் மாற்று மருந்து எழுதினார். தினமும் காலையில் மருத்துவமனையிலிருந்து ஒரு பயிற்சியாளர் வந்து, அக்காவைக் கண்ணை மூடச் சொல்லி, விரல்மேல் பஞ்சால் தடவி, "தெரியுதா?" என்று கேட்பார். "இல்ல." "தெரியுதா?" "இல்ல." சுவர் வழியாக எனக்கே மனப்பாடம். ஆறாவது வாரம் ஒருநாள் "ம்" என்று கேட்டது. வலது கை. மெல்ல மெல்ல ஐந்து விரலும் வந்தன. இடது கை வரவில்லை.

மற்ற அறுபத்திரண்டு பேருக்கும் நிலையம் கடிதம் அனுப்பியது. ஆய்வு வெற்றிகரமாகவும் முன்கூட்டியும் நிறைவடைந்ததாகவும், உணர்ச்சிக் குறைவு ஏதேனும் இருப்பின் நேரில் வந்து அதை உணர்ந்ததாக எழுதித் தரும்படியும் கேட்டுக்கொண்டிருந்தது. எத்தனை பேர் போனார்கள் என்று விசாரித்துப் பார்த்தேன், கணக்குக் கிடைக்கவில்லை. போகிற வழியில் அந்தச் செயலாளர் அம்மா நின்று டாக்டர் விலாசத்தைச் சீட்டில் எழுதிக் கொடுத்ததாக ஒரு பேச்சு. உறுதியாகச் சொல்ல முடியாது. அவர் அந்த வருடமே விருப்ப ஓய்வு வாங்கிக்கொண்டு மகள் ஊருக்குப் போய்விட்டார்.

கட்டத்துக்கு வேலை போனது. 'இம்மாத அறச்செம்மல்' படம் மட்டும், மாதம் முடியவில்லை என்பதால், இன்னும் பன்னிரண்டு நாள் தொங்கியது. இரண்டு மாதம் வீட்டில் இருந்துவிட்டு, மனைவியின் அண்ணன் மர அறுவை ஆலை வைத்திருக்கும் ஊருக்குக் குடிபோனார்கள். எதிர்வீட்டுக்கு ஒரு வங்கிக்காரர் வந்திருக்கிறார். சத்தமே போடாத குடும்பம். பெரிய டாக்டர் வெளிநாட்டில் ஏதோ ஒரு பெரிய நிறுவனத்துக்கு அறநெறி ஆலோசகராகப் போனார். தலைவர் இன்னும் தலைவராகவே இருக்கிறார். மைத்துனரின் மகனுக்கும் வக்கீலின் மகளுக்கும் கல்யாணமானது. மொத்தக் குழுவும் போயிருந்ததாம்.

தையலக்காவும் கல்யாணம் பண்ணிக்கொண்டாள். அந்தப் பயிற்சியாளரைத்தான். அவர் மனைவியை இழந்தவர், அதிகம் பேசாதவர். பதிவு அலுவலகத்தில் நானும் ஒரு சாட்சி. வேறு ஊருக்கு மாற்றல் என்று அடுத்த வாரமே கிளம்பினார்கள். மெஷினை விற்றுவிட்டாள்.

டாக்ஸியில் பெட்டி ஏற்றும்போது நான் குனிந்து, எனக்கே உரிய புத்தியோடு கேட்டேன். "அவர் கையைப் பிடிச்சா தெரியுதாக்கா?"

"அவர் எந்தப் பக்கம் உக்கார்றார்ங்கறதைப் பொறுத்து" என்றாள்.

அவர் சுற்றி வந்து ஏறினார். அவளுக்கு இடது பக்கம் உட்கார்ந்தார். வண்டி திரும்பியபோது கண்ணாடி வழியாகப் பார்த்தேன். அவள் கையை எடுத்துத் தன் மடியில் இரண்டு கைக்கும் நடுவில் வைத்துக்கொண்டிருந்தார். அக்கா முன்பக்கம் சாய்ந்து, டிரைவரிடம் வழி சொல்லிக்கொண்டிருந்தாள்.